கல்லாகாத பழத்தயிர்

பத்தொன்பது மணி நேரம் ஃப்ரீசரில் இருந்த பழத்தயிர் கல்லாகியிருந்தது. அதில் ராகினிக்கு வியப்பு ஒன்றும் இல்லை. அதற்குப் பின்னால், பட்டாணிப் பொட்டலத்துக்கு அடியில் கிடந்த இன்னொரு டப்பாதான் அவளை அங்கேயே நிற்க வைத்தது. அது எத்தனை நாளாக உள்ளே இருக்கிறதோ தெரியவில்லை. மூடி முழுக்கப் பனி படிந்திருந்தது. ஆனால் கரண்டியை வைத்து அழுத்தியதும் சிரமமில்லாமல் உள்ளே இறங்கியது.

இரண்டிலும் மாம்பழம், வாழைப்பழம், தேன், தயிர். இரண்டும் அதே பிளெண்டரில் அரைத்தவை. முதல் டப்பாவில் கரண்டி வளைந்தது. இரண்டாவதில் இறங்கியது.

ராகினி உணவு அறிவியல் படித்தவள். புக்கிட் ரம்பாயில் ஒரு சாஸ் தொழிற்சாலையின் ஆய்வுக்கூடத்தில் இரண்டு வருடமாக வேலை. ஒரே நாளில் அடைத்த இரண்டு பாட்டில்கள் ஏன் வேறு வேறாக இருக்கின்றன என்று கேட்பதற்குத்தான் அங்கே அவளுக்குச் சம்பளம். ஆட்களிடம் கேள்வி கேட்க அவளுக்கு வராது. பாட்டில்களிடம் கேட்பாள்.

கூடத்தில் அம்மா கமலவேணி காலை நீட்டிச் சுவரில் சாய்ந்து உட்கார்ந்திருந்தாள். அன்று சனிக்கிழமை, அவளுடைய விரதத்தின் பதினெட்டாம் நாள். செவ்வாய்க்கிழமை மாசி மகம். அன்று செங்கில் உள்ள சன்னாசிமலைக் கோயிலுக்குப் பால்குடம் எடுப்பதாக வேண்டுதல். போன மாதம் அண்ணன் கவிநேசனுக்குக் கழுத்தில் இருந்த கட்டியை அறுத்து எடுத்தார்கள். எடுத்ததைச் சோதனைக்கு அனுப்பியிருக்கிறார்கள். முடிவு வருகிற வெள்ளிக்கிழமை. அம்மாவின் மனத்தில் இந்த இரண்டு தேதிகளுக்கும் நடுவே ஒரு கயிறு கட்டியிருந்தது.

“நான் சுத்தமா எடுத்து முடிச்சா, எம்புள்ள ரிசல்ட்டும் சுத்தமா வரும்” என்று முதல் நாளே சொல்லிவிட்டாள். அதற்கு மேல் அதைப் பற்றி யாரும் பேசவில்லை.

பகலில் ஒரு வேளை சோறு, வெங்காயம் பூண்டு இல்லாமல். இரவில் பழமும் பாலும் மட்டும். தனிப் பாத்திரம், தனிக் கரண்டி. ஏற்கனவே கேஸ்ட்ரிக் உள்ள உடம்பு. இரண்டாம் நாள் மாலை குளியலறை வாசலில் தலைசுற்றி உட்கார்ந்துவிட்டாள். அதைப் பார்த்து, மறுநாள் ராகினி அந்தப் பழத்தயிரைச் செய்து கொடுத்தாள். பெரிய வேலை ஒன்றும் இல்லை. பழத்தைத் துண்டு போட்டு, ஒன்றோடொன்று ஒட்டாமல் தட்டில் பரப்பி ஃப்ரீசரில் வைத்துவிட வேண்டும். உறைந்த துண்டுகளோடு மூன்று கரண்டித் தயிர், ஒரு கரண்டித் தேன், அரை எலுமிச்சைச் சாறு. பிளெண்டரை விட்டு விட்டு ஓட்டினால் ஐந்து நிமிடத்தில் கெட்டியாகத் திரண்டு வரும். அப்போதே சாப்பிட்டுவிட வேண்டும். மிச்சம் வைத்தால் தயிரில் இருக்கிற தண்ணீர் உறைந்து கல்லாகிவிடும்.

அம்மா முதல் வாயிலேயே கண்ணை மூடிக்கொண்டாள். “குடலெல்லாம் குளுந்து போச்சு புள்ள” என்றாள். மறுநாளிலிருந்து அண்ணி மோகனா அந்த வேலையை எடுத்துக்கொண்டாள். ராகினி வாங்கி வைத்திருந்த இரண்டு டப்பாத் தயிர் தீர்ந்ததும், வீட்டிலேயே பால் காய்ச்சித் தோய்ப்பதாகச் சொன்னாள்.

தண்ணீர் உறையாமல் இருக்க வேண்டுமானால் அதை எதுவோ பிடித்து வைத்திருக்க வேண்டும். வீட்டுத் தயிரில் அப்படி எதுவும் கிடையாது.

“என்னா அது, ஐஸ்பெட்டியத் தொறந்து வெச்சிக்கிட்டு வேடிக்கை பாக்குற? கரண்டு பில்லு நீ கட்டுறியா?”

மோகனா துணிக்கூடையை இடுப்பில் வைத்துக்கொண்டு பின்வாசலில் நின்றாள்.

“இது எப்ப செஞ்சது அண்ணி?”

மோகனா டப்பாவைப் பார்த்தாள். கூடையை அங்கேயே கீழே வைத்தாள். இரண்டே எட்டில் வந்து டப்பாவைக் கையிலிருந்து வாங்கிக்கொண்டாள்.

“பழசு. கொட்டணும்.”

“வீட்டுத் தயிரா?”

“பின்ன, மாட்டுக்கிட்ட நேரா போயா வாங்கியாந்தேன். வீட்டுத் தயிர்தான்.”

அவள் சிரித்தாள். ஆனால் முகத்தில் பாதிதான் சிரித்தது. குழாயைத் திறந்து, டப்பாவைக் கவிழ்த்து, தயிர் முழுவதும் கரைந்து ஓடும்வரை பக்கத்திலேயே நின்றாள். ஒரு சட்டி சாம்பார் கெட்டுப்போனாலும் கொட்ட மனம் வராமல் முகர்ந்து முகர்ந்து பார்க்கிறவள் அண்ணி.

ராகினியின் கையில் கரண்டி இருந்தது. கரண்டியில் ஒரு வாய்த் தயிர் இருந்தது. மோகனா அதைக் கவனிக்கவில்லை.

ராகினி தன் அறைக்குப் போய் அதை ஒரு கண்ணாடித் தம்ளரில் போட்டாள். கல்லாகியிருந்த டப்பாவிலிருந்தும் பெயர்த்து வந்து இன்னொரு தம்ளரில் போட்டாள். இரண்டையும் ஜன்னலோரம் வைத்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு காகிதத் துண்டில் நேரம் எழுதி ஒட்டினாள். வெளியே அவர்கள் குடியிருக்கும் பாச்சாங்கின் வெயில் எதிர்வீட்டுக் காரின் மேல் கொதித்தது. இரண்டு மணிக்குள் இரண்டும் இளகிவிட்டன. கல்லாக இருந்தது திரிந்து, மேலே மஞ்சள் தண்ணீர் விட்டது. மற்றது தண்ணீர் விடவில்லை. தம்ளரைத் தட்டினால் மெல்ல ஆடியது.

மாவுப் பசையாக இருக்கலாம். பழத்திலிருந்து எடுக்கும் பெக்டினாக இருக்கலாம். அவை இரண்டும் விரதத்துக்கு ஆகும். ஆகாத ஒன்றும் இருக்கிறது. தண்ணீர் விடாத தம்ளரை வெந்நீர்க் கிண்ணத்தில் வைத்தாள். தயிர் மோராக நீர்த்தது. பிறகு ஃப்ரிட்ஜில் காய்கறித் தட்டுக்குப் பின்னால் ஒளித்து வைத்துவிட்டுக் காத்திருந்தாள். சூட்டில் நீர்த்து, குளிரில் மறுபடி கட்டிக்கொண்டால் அது மாவும் இல்லை, பெக்டினும் இல்லை. ஜெலட்டின். தோலையும் எலும்பையும் காய்ச்சி எடுப்பது.

காத்திருந்த நேரத்தில் டப்பாக்களைத் தேடினாள். மோகனா எந்தப் பிளாஸ்டிக்கையும் எறிகிற ஆள் இல்லை. மார்ஜரின் டப்பாவில் கடுகு, ஐஸ்கிரீம் டப்பாவில் கருவாடு, பிஸ்கட் டின்னில் ஊசிநூல் என்று அடுப்படி அலமாரி முழுக்க அவள் சேர்த்தவைதான். கருவாட்டு டப்பாவை மட்டும் விரதம் முடியும்வரை அடுத்த வீட்டில் கொடுத்து வைத்திருந்தாள். அந்த அலமாரியில் தயிர் டப்பா ஒன்றுகூட இல்லை. ராகினி வாங்கி வந்த இரண்டும் இல்லை.

கடைத் தயிரை வாங்கிக் கலந்திருக்கிறாள். மலிவாகக் கிடைத்திருக்கும். லேபிளைப் பார்த்திருக்க மாட்டாள். பிறகு யாரோ சொல்லித் தெரிந்துகொண்டு டப்பாக்களை ஒழித்திருக்கிறாள். ராகினியின் யோசனை இப்படியே வரிசையாகப் போயிற்று. போகப் போக அண்ணியின் முகம் அவளுக்கு வேறு மாதிரித் தெரிந்தது. அண்ணி மஸ்ஜித் தானா என்ற ஊருக்குப் பக்கத்து எஸ்டேட்டில் பிறந்தவள். படிப்பு பள்ளியில் ஐந்தாம் படிவத்தோடு நின்றது. ‘தெரியாமல் செய்திருப்பாள்’ என்று ஒரு முறை நினைத்தாள். ‘தெரிந்தும் மறைக்கிறாள்’ என்று பல முறை நினைத்தாள். தான் வாங்கிய இரண்டு டப்பாக்களை அவள் இந்த வரிசையில் சேர்க்கவே இல்லை. அவற்றைப் பார்த்துத்தானே வாங்கினாள்.

மாலையில் தம்ளரை எடுத்துக் கவிழ்த்தாள். விழவில்லை.

அன்று இரவு அம்மாவுக்குக் கிண்ணம் கொண்டுபோனது மோகனா. ராகினி வாசற்படியிலேயே நின்று, அம்மாவின் வாய்க்குப் போகும் ஒவ்வொரு கரண்டியையும் பார்த்துக்கொண்டிருந்தாள். அது வீட்டுத் தயிர்தான். ஓரத்தில் தண்ணீர் விட்டிருந்தது.

“என்னா, ரெண்டு பேரும் நான் தின்றதையே பாக்குறீங்க?” என்றாள் அம்மா.

“ஒன்னும் இல்லம்மா.”

“ஒன்னும் இல்ல அத்தை” என்றாள் மோகனா, அதே நேரத்தில்.

அம்மா இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள். கிண்ணத்தில் பாதியை மிச்சம் வைத்துவிட்டாள்.

ஞாயிறு காலை கவிநேசன் பந்தல் கட்டுகிற வேலைக்கு உதவக் கோயிலுக்குப் போய்விட்டான். “கழுத்துல தையல் போட்டவன் கம்பு தூக்காத” என்று அம்மா வாசல்வரை போய்ச் சொல்லிவிட்டு வந்தாள். மோகனா பின்கட்டில் துணி காயப்போட்டுக்கொண்டிருந்தாள். ராகினி ஒரு தலையணை உறையை எடுத்து உதறினாள். உதறியதையே மறுபடியும் உதறினாள்.

“அண்ணி.”

“சொல்லு. நேத்துலேருந்து வாய மூடி மூடித் தொறக்குற. பல்லு வலியா?”

“அந்தப் பழைய டப்பால ஜெலட்டின் இருக்கு.”

மோகனா கையில் இருந்த துணிக்கவ்வியைக் கொடியில் மாட்டினாள். துணியை மாட்ட மறந்துவிட்டாள்.

“லேப்பு வேலைய வீட்டுக்குக் கொண்டாந்துட்டியா?”

“சோதிச்சுப் பாத்தேன். நீங்க எங்க வாங்குனீங்க? அம்மா எத்தன நாள் சாப்டாங்க?”

“அஞ்சு நாள்.”

எதுவும் மறுக்காமல் அவள் பதில் சொன்னது ராகினிக்குப் பயமாக இருந்தது.

“அஞ்சு நாள் சாப்ட விட்டுட்டு, பேசாம இருந்திருக்கீங்க.”

“எட்டாம் நாள்தான் பாத்தேன் லா. டப்பாவக் கழுவி வெக்கலாம்னு எடுத்தேன், எழுத்து கண்ணுல பட்டுச்சு. அன்னைக்கே நிறுத்திட்டேன். அன்னைக்கு அரைச்சது ஒரு டப்பா உள்ள தங்கிப்போச்சு, அத நான் மறந்துட்டேன்.”

“வாங்கும்போதே பாக்க வேணாமா அண்ணி?”

மோகனா ஈரக்கையைப் பாவாடையில் துடைத்தாள். கோபம் வரும் என்று ராகினி நினைத்தாள். வரவில்லை.

“நான் வாங்கலம்மா. நீ வாங்கியாந்தது.”

“என்னுதா? நான் பாத்துத்தான் வாங்குனேன்.”

“என்னா பாத்த?”

ராகினி வாயைத் திறந்தாள். ஹலால் முத்திரை பார்த்தாள். காலாவதித் தேதி பார்த்தாள். கொழுப்பு எவ்வளவு என்று பார்த்தாள். சின்ன வயதிலிருந்து கடையில் எதை எடுத்தாலும் அந்தப் பச்சை முத்திரையைப் பார்த்துவிட்டுக் கூடையில் போடுவது பழக்கம். முத்திரை இருந்தால் பன்றி இல்லை, நல்லதுதான் என்று மனம் மேலே போய்விடும். பன்றி இல்லாத இடத்தில் எந்தப் பிராணி இருக்கும் என்று அது ஒரு நாளும் நின்று கேட்டதில்லை. தயிர் என்றால் பால், அதில் உறை. பாடப்புத்தகத்தில் அப்படித்தான் இருந்தது.

மோகனா கைபேசியை எடுத்து ஒரு படத்தைத் தள்ளித் தள்ளித் தேடினாள். பிறகு நீட்டினாள். டப்பாவை எறிவதற்கு முன் எடுத்த லேபிள் படம். ராகினி விரலால் அகட்டினாள். மலாயில், எறும்பு வரிசைபோல் எழுத்து. பால், உறை, சர்க்கரை. அதற்கடுத்து ஜெலாத்தின். அதற்குப் பக்கத்திலேயே ஒரு சின்னச் சொல், லெம்பு.

மாடு.

அவள் வேலை செய்கிற இடத்தில் ஒரு நாளைக்கு இருநூறு லேபிள் அவள் கண்ணைத் தாண்டித்தான் போகும்.

“டப்பாவ நான்தான் கடைங்க வரிசைல இருக்குற குப்பைத் தொட்டில கொண்டுபோய்ப் போட்டேன்” என்றாள் மோகனா. “வீட்ல போட்டா அத்தை பொறுக்கி எடுத்துக் கழுவி வெச்சிருவாங்க. எங்கிட்டேருந்து கத்துக்கிட்ட பழக்கம்.”

“எங்கிட்டயாச்சும் சொல்லியிருக்கலாம்.”

“சொன்னா நீ மூஞ்சில காட்டிருவ. இப்பவே பாரு, வெளுத்துப் போயி நிக்குற.” அவள் குரலைத் தணித்தாள். “இங்க பாரு ராகினி. நான் வாங்கியிருந்தா ரெண்டு நாளு திட்டிட்டு விட்ருவாங்க. எஸ்டேட்டுக்காரி, அவளுக்கு என்னா தெரியும்னு. இது நீ வாங்கியாந்தது. எம்மக பாத்துச் செஞ்சதுன்னு எதிர்வீட்டு வரைக்கும் சொல்லிட்டு வந்திருக்காங்க. இன்னும் ரெண்டு நாளு. பால்குடம் எறங்கட்டும். வெள்ளிக்கிழம முடிவு வரட்டும். அப்புறம் யாரு கேக்கப் போறா?”

“முடிவு நல்லா வரலன்னா?”

மோகனா கவிநேசனின் சட்டையைக் கூடையிலிருந்து எடுத்துப் பிழிந்தாள். அது ஏற்கனவே நன்றாகப் பிழிந்திருந்தது.

அதுதான் விஷயம் என்று ராகினிக்குப் புரிந்தது. முடிவு நன்றாக வந்தால் விரதம் பலித்தது. வராவிட்டால் அம்மா எங்கே தப்பு நடந்தது என்று ஒவ்வொரு நாளாகத் தோண்டுவாள். எதுவும் கிடைக்காமல் தன்னையே குற்றம் சொல்லிக்கொள்வாள். சொன்னாலோ, இன்றைக்கே கழுத்தில் போட்ட விரத மாலையைக் கழற்றிவிடுவாள். வெள்ளிக்கிழமை வரைக்கும் அவளுக்குப் பிடித்துக்கொள்ள எதுவும் இருக்காது.

பின்கட்டுக் கதவு கிறீச்சிட்டது. அம்மா நின்றுகொண்டிருந்தாள். எப்போது வந்தாள் என்று தெரியவில்லை. மோகனா கைபேசியை வாங்கிப் பாவாடை மடிப்புக்குள் செருகினாள். அது தவறாகப் போயிற்று. அம்மாவின் கண் அந்தக் கையோடு போய் மடிப்பில் நின்றது.

“ரெண்டு பேரும் உள்ள வாங்க.”

சாமியறையில் பித்தளைக் குடம் விளக்கித் துடைத்து, கழுத்தில் மஞ்சள் துணி சுற்றி இருந்தது. அம்மா அதன் முன்னால் உட்கார்ந்தாள். இவர்கள் இரண்டு பேரும் நின்றார்கள்.

“போன்ல என்னா காட்டுன அவளுக்கு?”

“சேலை அத்தை. செவ்வாக்கெழமைக்கு.”

“மஞ்ச சேலை எடுத்து வெச்சு ஒரு மாசமாச்சு.” அம்மாவின் குரலில் கோபம் இல்லை. ஈரம் காய்ந்து போயிருந்தது. “நேத்து மத்தியானத்துலேருந்து பாக்குறேன். இவ அறைக்குள்ள கதவ சாத்திக்கிட்டு ஒக்காந்திருக்கா. நீ அவளப் பாத்தா பேச்ச நிறுத்துற. ராத்திரி நான் சாப்புடறத ரெண்டு பேரும் நின்னு பாக்குறீங்க. சாவு வீட்டுல பாக்குற மாதிரி.”

“அதெல்லாம் இல்ல அத்தை. சும்மா நீங்களா.”

“ஆஸ்பத்திரிலேருந்து மெசேஜ் வந்திருச்சு. வெள்ளிக்கிழம வரைக்கும் நான் தாங்க மாட்டேன்னு மறைக்கிறீங்க.”

“ஐயோ, இல்ல அத்தை. சத்தியமா இல்ல.”

“போன காட்டு.”

மோகனாவின் கை மடிப்புக்குப் போயிற்று. அங்கேயே நின்றது. காட்டினால் அந்தப் படம்தான் முதலில் திறக்கும். காட்டாத அந்த ஒரு நொடியில் அம்மாவுக்கு எல்லாம் முடிந்துவிட்டது. அவள் முகத்திலிருந்து ஏதோ ஒன்று கீழே இறங்கிப் போவதை ராகினி பார்த்தாள். பதினெட்டு நாள் பசியில் வராத ஒரு தளர்ச்சி. குடத்தை இறுகப் பிடித்துக்கொண்டாள். பித்தளையில் மோதிரம் பட்டு டிக் டிக் என்று சத்தம் வந்தது.

“எம்புள்ள பொழைக்க மாட்டானா?” என்றாள் அம்மா. “அத மட்டும் சொல்லுங்க. வேற ஒன்னும் கேக்கல.”

மோகனா ஒரு எட்டு முன்னால் வந்தாள். “அத்தை, நான்தான் ஒரு தப்பு…” என்று ஆரம்பித்தாள். அவள் என்ன சொல்லப் போகிறாள் என்று ராகினிக்குத் தெரிந்துவிட்டது. இரண்டு நாள் திட்டு. எஸ்டேட்டுக்காரி. அதோடு போய்விடும். நேற்று முழுவதும் அவளே ஒரு சோதனையும் செய்யாமல் அண்ணியின் மேல் எழுதி வைத்த முடிவும் அதுதானே.

“அண்ணி, இருங்க.”

அவள் குரல் அவளுக்கே பெரிதாகக் கேட்டது. அம்மாவுக்கு எதிரே முழங்காலை மடித்து உட்கார்ந்தாள். மோதிரச் சத்தம் நிற்கும்படி அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள். முகத்தைப் பார்த்துப் பேச முடியவில்லை. குடத்தின் மஞ்சள் துணியைப் பார்த்தே பேசினாள்.

“ஆஸ்பத்திரிலேருந்து ஒன்னும் வரலம்மா. அண்ணனுக்கு ஒன்னும் இல்ல. வெள்ளிக்கிழமதான் தெரியும்.”

“அப்புறம் என்னா?”

ராகினி மூச்சை இழுத்துக்கொண்டாள்.

“மூனாம் நாள்லேருந்து ஏழாம் நாள் வரைக்கும் நீங்க சாப்ட தயிர்ல மாட்டு ஜெலட்டின் இருந்துச்சு. அத வாங்கியாந்தது நான்தாம்மா.”